ஓடத்தில் எழுதியதும் மேசையில் எழுதியதும்

அமெரிக்காவின் கிழக்குக் கடற்கரைக்கும் உள்நாட்டுச் சமவெளிக்கும் இடையே நீண்டு கிடக்கும் அலெகெனி மலைகளைக் கடந்து மேற்கே சென்றவர்களுக்கு, பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியிலும் அடுத்த நூற்றாண்டின் முற்பகுதியிலும் ஆறுகளே சாலைகளாக இருந்தன. வண்டி போகத்தக்க தடங்கள் சிலவே இருந்ததாலும், மழை பெய்தால் அவையும் சேற்றில் புதைந்ததாலும், குடியேற்றக்காரர், உரோம வணிகர், நில அளவையர், மதபோதகர், தாவரவியலாளர் எனப் பலதரப்பட்டவரும் ஒஹாயோ, மிசிசிப்பி, மிசூரி ஆகிய பேராறுகளின் வழியே பயணம் செய்தனர். அவர்களில் எழுதப் பழகியவர்கள் வழியில் வைத்திருந்த நாளேடுகளும், ஊர் திரும்பிய பின் எழுதிய நூல்களும் ‘எல்லைப்புறம்’ பற்றிய வரலாற்றுக்கு முதன்மைச் சான்றுகளாகக் கொள்ளப்படுகின்றன. எல்லைப்புறம் என்னும் சொல் இங்கே இரு அரசுகளைப் பிரிக்கும் கோட்டைக் குறிக்காமல், வெள்ளையர் குடியிருப்புகள் அருகிப் பூர்வகுடி இனங்களின் நாடுகள் தொடங்கும், ஆண்டுக்காண்டு மேற்கு நோக்கி நகர்ந்துகொண்டிருந்த மண்டலத்தைக் குறிக்கும்.

நூலகங்களில் ஒரே வரிசையில் அடுக்கப்பட்டிருக்கும் இந்த எழுத்துகள் அனைத்தும் ஒரே தன்மையுடையவை அல்ல. படகின் பலகைமேல் அமர்ந்து அன்றன்று குறித்துவைத்தவருக்கு மறுநாள் என்ன நேரும் என்பது தெரியாது. பல ஆண்டுகள் கழித்து மேசையில் எழுதியவருக்கோ பயணத்தின் முடிவு தெரியும், தம்மைப் படிக்கப்போகிறவர் யார் என்பதும் பதிப்பாளர் எதை விரும்புவார் என்பதும் தெரியும். ஒரு பயணக் குறிப்பை நம்பலாமா என்ற கேள்விக்கு, அது எப்போது, யாருக்காக, எந்த இடத்தில் எழுதப்பட்டது என்பதைப் பார்த்த பிறகே விடை சொல்ல முடியும். இதைக் கேட்காமலே மேற்கோள் காட்டிச் செல்லும் வழக்கம் வரலாற்று நூல்களிலும் குறைவில்லை.

இந்தச் சிக்கல் தொடக்கத்திலேயே தலைகாட்டிவிட்டது. 1673ஆம் ஆண்டு பிரெஞ்சு வணிகர் லூயி ஜோலியேவும் இயேசு சபைத் துறவி ஜாக் மார்க்கெத்தும் இன்னும் ஐந்து பேருமாக, பூர்ச்ச மரப்பட்டையால் செய்த இரண்டு ஓடங்களில் புறப்பட்டு, விஸ்கான்சின் ஆற்றின் வழியே ஜூன் 17 அன்று மிசிசிப்பியை அடைந்து, ஆர்கன்சா ஆற்றின் முகத்துவாரம் வரை சென்று திரும்பினர். மறு ஆண்டு மாண்ட்ரியால் நகரை நெருங்கிவிட்ட நிலையில், லாஷீன் என்னும் பாய்ச்சல் நீரில் ஜோலியேவின் ஓடம் கவிழ்ந்து, அவருடைய குறிப்புகளும் வரைபடமும் ஆற்றோடு போயின. அவர் பின்னர் நினைவிலிருந்தே படம் வரைந்து கொடுக்க வேண்டியிருந்தது. மார்க்கெத்தின் பெயரில் 1681இல் பாரிஸில் வெளிவந்த குறிப்போ, அவருடைய சபைத் தலைவர் குளோத் தப்லோனின் கைபட்டுச் செப்பனிடப்பட்ட வடிவம். ஆக, அந்தப் புகழ்பெற்ற பயணத்தில் ஓடத்தில் எழுதிய மூல ஏடு என்று இன்று நம்பிக்கையோடு காட்டத்தக்கது அரிது.

லூயி என்னெப்பன் என்னும் துறவியின் செயல் இன்னும் விசித்திரமானது. பிரெஞ்சு ஆய்வுப்பயணி லசாலின் குழுவைச் சேர்ந்த அவர் 1680இல் மேல் மிசிசிப்பியில் டக்கோட்டா மக்களிடம் சிறைப்பட்டிருந்ததையும், இன்றைய மினியாபொலிஸ் நகரில் உள்ள அருவிக்குப் புனித அந்தோணியின் பெயரை இட்டதையும் 1683இல் வெளியிட்ட நூலில் எழுதினார். பதினான்கு ஆண்டுகள் கழித்து, லசால் இறந்துபோன பிறகு, 1697இல் எழுதிய மற்றொரு நூலில், தாம் அதே 1680இல் ஆற்றின் கடல் முகம் வரை சென்று திரும்பியதாகவும், அந்த வகையில் லசாலை முந்திவிட்டதாகவும் உரிமை கொண்டாடினார். அவர் தரும் தேதிகளைக் கூட்டிப் பார்த்தாலே, அத்தனை தொலைவை அத்தனை நாட்களில் துடுப்புப் போட்டு எவராலும் கடந்திருக்க முடியாது என்பது விளங்கும். லசால் ஆற்றின் முகத்துவாரத்தை அடைந்தது 1682 ஏப்ரல் 9 அன்றுதான்.

ஏமாற்றும் நோக்கம் இல்லாமலும் ஒரே பயணம் இரண்டு வடிவங்கள் பெறுவதுண்டு. ஆங்கிலேய அரசின் பூர்வகுடி விவகாரத் துணை அதிகாரியான ஜார்ஜ் குரோகன் 1765இல் ஒஹாயோவில் இறங்கிச் சென்றபோது, வபாஷ் ஆற்றுக்கு அருகே கிக்கப்பூ, மஸ்கூட்டன் வீரர்கள் தாக்கி அவரைச் சிறைபிடித்தனர். கோடரி வெட்டு மண்டையில் விழுந்தும் மண்டை கனமாக இருந்ததால் பிழைத்ததாக அவரே நகைச்சுவையோடு ஒரு கடிதத்தில் எழுதியிருக்கிறார். அவருடைய பயணக் குறிப்புகளில் ஒன்று மேலதிகாரிகளுக்கான அரசியல் அறிக்கை. மற்றொன்று மண்வளம், ஓடைகள், மேய்ச்சல் நிலம் ஆகியவற்றை விரித்துரைப்பது. குரோகன் அதிகாரியாக இருந்துகொண்டே நில வணிகத்திலும் ஈடுபட்டிருந்தார் என்பதை அறிந்தவர்கள், இரண்டாவது குறிப்பு யாருடைய கண்ணுக்காக எழுதப்பட்டது என்பதை எளிதில் ஊகிப்பார்கள்.

பெட்டிப் படகுகளும் ஒரு வழிகாட்டி நூலும்

அலெகெனி, மொனொங்கஹேலா ஆகிய இரண்டு ஆறுகளும் கூடும் பிட்ஸ்பர்க்கில் தொடங்கி, கெய்ரோ என்னும் இடத்தில் மிசிசிப்பியில் கலக்கும் வரை ஒஹாயோ ஆறு 981 மைல் ஓடுகிறது. 1780களுக்குப் பின் இந்த நீர்வழியே இறங்கிய குடும்பங்களில் பெரும்பாலானவை பயன்படுத்தியது ‘பிளாட்போட்’ என்னும் தட்டையடிப் படகு. அடிமரம் இன்றி, செவ்வக வடிவில் கனமான பலகைகளால் அடித்துச் சேர்க்கப்பட்ட அதில் ஒரு பக்கம் கூரை வேய்ந்த அறையும், மறுபக்கம் மாடு, குதிரை, கோழிகளுக்கான இடமும் இருக்கும். நீரோட்டமே அதை இழுத்துச் செல்லும். பக்கவாட்டில் பொருத்திய நீளமான துடுப்புகள் திசை திருப்பவே பயன்பட்டன. ஓட்டத்துக்கு எதிராக அதைச் செலுத்துவது இயலாத செயல் என்பதால், போய்ச் சேர்ந்த இடத்தில் படகைப் பிரித்துப் பலகையாக விற்றுவிடுவார்கள். எதிர்நீரில் ஏறுவதற்கு ‘கீல்போட்’ என்னும் வேறு வகைப் படகு தேவைப்பட்டது. இருமுனையும் ஒடுங்கி அடிமரத்தோடு அமைந்த அந்தப் படகை, ஆட்கள் இருபுறமும் வரிசையாக நின்று கழிகளை ஆற்றின் தரையில் ஊன்றித் தள்ளுவார்கள். ஆழம் மிகுந்த இடங்களில் நீண்ட வடத்தைக் கட்டிக் கரையிலிருந்து இழுத்துச் செல்வார்கள். நியூ ஆர்லியன்ஸிலிருந்து லூயிவில் வரை இப்படி ஏறிவர மூன்று நான்கு மாதங்கள் ஆயின.

இந்த ஆற்று மக்களுக்கு எழுதப்பட்ட மிகப் பயனுள்ள நூல் ஒரு பயணக் கதை அல்ல. பிட்ஸ்பர்க்கில் ‘ஃபிராங்க்ளின் தலை’ என்ற அடையாளப் பலகையோடு புத்தகக் கடை நடத்திய சேடக் கிரேமர் என்னும் புத்தகக் கட்டுநர், 1801 முதல் வெளியிடத் தொடங்கிய ‘தி நாவிகேட்டர்’ என்னும் வழிகாட்டி, 1824க்குள் பன்னிரண்டு பதிப்புகள் கண்டது. எந்தத் தீவின் எந்தப் பக்கம் ஓட்டம் ஆழமாக இருக்கும், எங்கே மணல்திட்டு நீண்டிருக்கிறது, லூயிவில்லுக்கு எதிரே சுமார் 26 அடி இறங்கும் பாய்ச்சல் நீரைக் கடக்க உள்ளூர் மாலுமியை எப்போது அமர்த்த வேண்டும் என்பவற்றை மைல் கணக்கோடு அது சொல்லிற்று. உளுத்த பலகையால் செய்த படகை வாங்கி ஏமாறாதீர்கள் என்று எச்சரித்தது. மிசிசிப்பியின் தனிப்பட்ட ஆபத்துகளையும் அது பெயரிட்டு விளக்கியது: வேரோடு ஆற்றடியில் ஊன்றி அசையாமல் நிற்கும் மரத்துக்கு ‘பிளான்டர்’ என்று பெயர், வேர் அடியில் சிக்கியிருக்க, கிளை நீரோட்டத்தால் அமுங்கியும் எழும்பியும் மரம் அறுப்பவர் குனிந்து நிமிர்வதுபோல் அசையும் மரத்துக்கு ‘சாயர்’ என்று பெயர். பின்னது கண்ணுக்குத் தெரியாமல் மூழ்கியிருந்து படகு மேலே வரும் நேரத்தில் எழும்பும் என்பதால் மாலுமிகள் அதற்கே அதிகம் அஞ்சினர். ஒஹாயோ கலக்கும் இடத்திலிருந்து கீழ்நோக்கி மிசிசிப்பியின் தீவுகளுக்குக் கிரேமர் எண்ணிட்ட முறை அப்படியே நிலைத்துவிட்டது. 1862இல் உள்நாட்டுப் போரில் முற்றுகையிடப்பட்ட ‘பத்தாம் எண் தீவு’ என்ற பெயர் அந்த எண்ணிக்கையிலிருந்து வந்ததே.

கிரேமரின் கடை, வழிகாட்டி விற்பனையோடு நிற்கவில்லை. அயர்லாந்தில் பிறந்த ஃபார்ட்டஸ்க்யூ கமிங் 1807 முதல் 1809 வரை செய்த பயணத்தின் குறிப்பை 1810இல் வெளியிட்டதும் கிரேமரின் நிறுவனந்தான். கமிங் எங்கே தங்கினார், விடுதிக்காரர் எவ்வளவு வாங்கினார், ஒவ்வொரு ஊரிலும் எத்தனை வீடுகள், எத்தனை கடைகள் என்பவற்றை அலுப்பின்றிக் குறித்துக்கொண்டே போகிறார். இலக்கிய நயம் தேடுபவர்களுக்கு அது சலிப்பூட்டலாம். ஆனால் ஒஹாயோக் கரை நகரங்களின் தொடக்க நிலையை அறிய வேண்டியவர்கள் இன்றும் அதையே நாடுகிறார்கள்.

அதே காலத்தில் தாமஸ் ஆஷ் என்பவர் 1808இல் லண்டனில் வெளியிட்ட பயண நூல் கமிங்கினுடையதைவிட நன்றாக விற்றது. நம்பத்தகாத கதைகள் மலிந்தது என்று அமெரிக்க வாசகர்களிடம் ஏச்சும் வாங்கிற்று. ஆஷின் நேர்மைக்கு நூலுக்கு வெளியேயும் சான்று இருக்கிறது. சின்சினாட்டியைச் சேர்ந்த மருத்துவர் வில்லியம் கோஃபோர்த், ‘பிக் போன் லிக்’ என்னும் உப்பு ஊற்றுப் பகுதியில் தோண்டியெடுத்த பெருவிலங்கு எலும்புகளை விற்றுத் தருமாறு அவரிடம் ஒப்படைக்க, ஆஷ் அவற்றைக் கப்பலேற்றி இங்கிலாந்துக்குக் கொண்டுபோய்விட்டார். மருத்துவருக்குப் பணம் வந்து சேரவில்லை.

ஆஷுக்கு நேரெதிரானவர் ஃபிரான்சிஸ் பெய்லி. இருபத்திரண்டு வயதில் ஒஹாயோவில் இறங்கிய இந்த லண்டன் இளைஞர், 1796ஆம் ஆண்டுக் குளிர்காலத்தில் ஆறு உறைந்து, பனிக்கட்டிகள் மோதிப் படகு நொறுங்கியதால் கிரேவ் கிரீக் என்ற இடத்தில் வாரக்கணக்கில் காத்துக் கிடந்து, பிறகு வேறு படகில் நாட்செஸ், நியூ ஆர்லியன்ஸ் வரை சென்று, காட்டுத்தடம் வழியே கால்நடையாகவும் குதிரையிலும் திரும்பினார். பின்னாளில் வானியலாளராகப் புகழ்பெற்றவர் அவரே. முழுச் சூரிய கிரகணத்தின் விளிம்பில் மணிகள் கோத்தாற்போல் தோன்றும் ஒளிப்புள்ளிகளுக்கு ‘பெய்லி மணிகள்’ என்று பெயர் வந்தது அவரால்தான். தம் அமெரிக்க நாளேட்டை அவர் வாழ்நாளில் அச்சிடவில்லை. அவர் இறந்து பன்னிரண்டு ஆண்டுகளுக்குப் பின் 1856இல் அதைப் பதிப்பித்தவர் கணிதவியலாளர் அகஸ்டஸ் டி மார்கன். மதுரையில் பிறந்தவர் என்ற வகையில் அவர் பெயர் தமிழ் வாசகர்களுக்கும் அறிமுகமானதே. வெளியிடும் அவசரம் இல்லாததாலோ, எண்ணுவதிலும் அளப்பதிலும் இயல்பாகவே இருந்த பற்றாலோ, பெய்லியின் ஏட்டில் மிகைக்கூற்று மிகக் குறைவு.

தச்சரின் ஏடு, தலைவரின் மௌனம்

ஓடத்து எழுத்தை அமெரிக்க அரசே திட்டமிட்டு ஏற்பாடு செய்த முதல் முயற்சி லூயிஸ், கிளார்க் ஆகியோரின் பயணம். 1803 ஜூன் 20 தேதியிட்ட அறிவுரைக் கடிதத்தில் குடியரசுத் தலைவர் ஜெஃபர்சன், குறிப்புகளுக்குப் பல படிகள் எடுத்து வெவ்வேறு ஆட்களிடம் கொடுத்துவைக்க வேண்டும் என்றும், ஈரத்தைத் தாங்கும் என்பதால் அவற்றில் ஒன்றைப் பூர்ச்ச மரப்பட்டையில் எழுதலாம் என்றும் சொல்லியிருந்தார். ஜோலியேவுக்கு நேர்ந்தது மறுபடி நேரக்கூடாது என்ற கவலை அந்தக் கடிதத்தில் தெரிகிறது. 1804 மே 14 அன்று 55 அடி நீளக் கீல்போட்டும் இரு சிறு படகுகளுமாக மிசூரியில் ஏறத் தொடங்கிய குழு, 1806 செப்டம்பர் 23 அன்று செயின்ட் லூயிஸ் திரும்பியது. தலைவர்கள் இருவரும், சார்ஜெண்டுகள் சிலரும் நாளேடு எழுதினர்.

ஆயினும் முதலில் அச்சேறியது தலைவர்களின் ஏடு அல்ல. தச்சுத் தொழில் தெரிந்த சார்ஜெண்ட் பேட்ரிக் காஸின் நாளேட்டை டேவிட் மக்கீஹன் என்பவர் தம் நடையில் திருத்தி எழுதி 1807இல் வெளியிட, அதை அச்சிட்டவர் மேலே கண்ட சேடக் கிரேமர். அனுமதியற்ற வெளியீடுகளை நம்ப வேண்டாம் என்று லூயிஸ் செய்தித்தாளில் அறிவிப்பு விட்டதும், மக்கீஹன் அதற்குக் காரசாரமாகப் பதில் எழுதியதும் அக்காலப் பதிப்புலகின் பூசல்களில் ஒன்று. காஸின் கையெழுத்து மூலம் பின்னர் காணாமற்போனது. லூயிஸ் வாக்களித்த நூலின் ஒரு பகுதியைக்கூடப் பதிப்பாளரிடம் கொடுக்காமல் 1809 அக்டோபரில் இறந்தார். நிக்கொலஸ் பிடில் கிளார்க்கின் உதவியோடு மூல ஏடுகளைச் சுருக்கி எழுதிய இரண்டு தொகுதிகள் 1814இல் வந்தபோது, செடிகொடிகள், விலங்குகள் பற்றிய குறிப்புகளில் பெரும்பகுதி அதில் இடம்பெறவில்லை. அந்தப் பகுதியை எழுத ஒப்புக்கொண்டவர் எழுதி முடிக்கவே இல்லை. அதன் விளைவாக, லூயிஸ் முதலில் கண்டு விவரித்த பல உயிரினங்களுக்குப் பின்னால் வந்த வேறு அறிஞர்கள் பெயர் சூட்டினர். எழுத்துப் பிழைகளோடும் நிறுத்தக்குறி இன்றியும் கிளார்க் எழுதிய வரிகளை உள்ளபடியே வாசகர் காண்பதற்கு 1904 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று.

இரண்டு படகுகள், இரண்டு ஏடுகள்

ஒரே நிகழ்ச்சியை எதிரெதிர்த் தரப்பிலிருந்து இரண்டு நல்ல எழுத்தாளர்கள் அன்றன்று குறித்துவைப்பது வரலாற்றில் அரிதாகவே வாய்க்கும். 1811ஆம் ஆண்டு மிசூரி ஆற்றில் அது வாய்த்தது. பசிபிக் கரையில் உரோம வணிகக் கோட்டை அமைக்கும் ஜான் ஜேக்கப் ஆஸ்டரின் திட்டத்துக்காக வில்சன் பிரைஸ் ஹன்ட் தலைமையில் ஒரு குழு மார்ச் மாதம் செயின்ட் லூயிஸிலிருந்து புறப்பட்டது. அதில் லிவர்பூல் தாவரவியல் தோட்டத்துக்காகச் செடிகள் திரட்ட வந்த ஜான் பிராட்பரி இருந்தார். போட்டி நிறுவனத்தைச் சேர்ந்த மானுவல் லீசா ஏப்ரல் 2 அன்று, இருபதுக்கும் மேற்பட்ட ஆட்கள் தள்ளும் கீல்போட்டில் பின்தொடர்ந்தார். அதில் ஹென்றி மேரி பிராக்கன்ரிட்ஜ் என்னும் இளம் வழக்கறிஞர் பயணியாக வந்தார். இடையூறு செய்யக்கூடிய டீட்டன் சூ மக்களின் எல்லையை ஹன்டின் குழுவோடு சேர்ந்து கடக்க வேண்டும் என்பதே லீசாவின் அவசரத்துக்குக் காரணம். ஹன்டோ, லீசா தம்மைக் கெடுக்கவே வருகிறார் என்று ஐயுற்று முந்திச் செல்ல முயன்றார். ஆயிரம் மைலுக்கும் மேற்பட்ட எதிர்நீர்ப் பயணத்தை 61 நாட்களில் முடித்து லீசா ஜூன் 2 அன்று அவரை எட்டிப்பிடித்தார்.

அதன் பிறகு நடந்த சண்டையில்தான் இரண்டு ஏடுகளின் அருமை விளங்கும். ஹன்டிடம் மொழிபெயர்ப்பாளராக இருந்த பியர் டோரியோன், லீசாவின் நிறுவனத்துக்குச் சாராயக் கணக்கில் கடன்பட்டிருந்தார். அதைச் சொல்லி லீசா அவரைத் தம் பக்கம் இழுக்க முயல, வாய்ச்சண்டை முற்றி, தலைவர்கள் இருவரும் துப்பாக்கி ஏந்தி நிற்கும் நிலை வந்தது. பிராட்பரியும் பிராக்கன்ரிட்ஜும் இடையில் புகுந்து அதைத் தடுத்தனர். ஒருவர் ஹன்டின் விருந்தாளி, மற்றவர் லீசாவின் நண்பர். ஆயினும் இருவர் கூற்றும் முக்கிய விவரங்களில் ஒத்துப்போகின்றன. வாஷிங்டன் இர்விங் 1836இல் எழுதிய ‘அஸ்டோரியா’ இந்த இரண்டு நூல்களிலிருந்தும் தாராளமாக எடுத்துக்கொண்டு, லீசாவைச் சூழ்ச்சிக்காரராகவே காட்டிவிட்டது. பிராக்கன்ரிட்ஜின் ஏட்டில் வரும் லீசாவோ, ஆட்களோடு தாமும் துடுப்புப் பிடித்து, சோர்ந்தவர்களைப் பாட்டால் உசுப்பி, இரவில் காவல் நிற்கும் மனிதர். இந்த இடத்தில் இர்விங்கைவிட்டு, படகில் இருந்தவரை நம்புவதே முறை.

மேலேறிய வேகமும் கீழிறங்கிய வேகமும் எழுத்தையே மாற்றின. ஏறும்போது நாளொன்றுக்கு இருபது மைல் போவதே பெரிது என்பதால், பிராட்பரி படகை விட்டிறங்கிக் கரையோரமாக நடந்து செடிகளைப் பறித்துக்கொண்டே செல்ல முடிந்தது. ஜூலையில் அரிக்கரா மக்களின் ஊர்களிலிருந்து லீசாவின் படகுகளில் திரும்பியபோது இரவும் பகலும் நிற்காமல் மிதந்து, சுமார் 1,400 மைல் தொலைவை இரண்டு வாரத்துக்குச் சற்றே மேற்பட்ட காலத்தில் கடந்தனர். திரும்பும் வழியில் திரட்டிக்கொள்ளலாம் என்று விட்டுவைத்த செடிகள் கண்ணெதிரே கடந்துபோனதைப் பிராட்பரி மனக்கசப்போடு பதிவுசெய்திருக்கிறார். அவர் இங்கிலாந்துக்கு அனுப்பிய தாவரங்களில் பலவற்றை ஃபிரெடரிக் புர்ஷ் என்பவர் அனுமதி பெறாமலே 1814இல் தம் நூலில் விவரித்து வெளியிட்டதும் சேர்ந்து, அந்தப் பயணத்தின் அறிவியல் பயன் அவர் கைக்கு எட்டவில்லை.

லீசாவின் படகில் இன்னொரு பயணியும் இருந்தார். ஷார்போனோ என்னும் பிரெஞ்சுக்காரரையும் அவருடைய பூர்வகுடி மனைவியையும் பிராக்கன்ரிட்ஜ் குறிப்பிடுகிறார். லூயிஸ், கிளார்க் ஆகியோரோடு பசிபிக் வரை சென்றவர்கள் என்றும், அந்தப் பெண் மென்மையானவர், நோயுற்றிருக்கிறார், தம் நாட்டைக் காண ஏங்குகிறார் என்றும் எழுதுகிறார். அவர் பெயரை எழுதவில்லை. 1812 டிசம்பரில் லீசாவின் கோட்டையில் ஷார்போனோவின் மனைவி காய்ச்சலில் இறந்ததைப் பதிந்த எழுத்தர் ஜான் லட்டிக்கும் பெயரை எழுதவில்லை. இரண்டு குறிப்புகளும் சக்காஜவேயாவைப் பற்றியவை என்று பெரும்பாலான வரலாற்றாசிரியர்கள் கொள்கின்றனர். அவர் எப்போது, எங்கே இறந்தார் என்ற நெடுங்கால விவாதம், நாளேடு எழுதிய இரண்டு ஆண்கள் ஒரு சொல்லைச் சேர்த்திருந்தால் எழுந்தே இருக்காது. அன்றன்று எழுதிய ஏடு நம்பத்தக்கது என்றாலும், எழுதியவர் எதைப் பொருட்படுத்தினாரோ அதை மட்டுமே அது தரும்.

பிராட்பரிக்கு அந்த ஆண்டு இன்னும் முடியவில்லை. டிசம்பரில் ஈயம் ஏற்றிய படகோடு நியூ ஆர்லியன்ஸ் நோக்கிப் புறப்பட்ட அவர், 16ஆம் தேதி அதிகாலை இரண்டு மணியளவில், நியூ மாட்ரிட் நிலநடுக்கம் எனப்படும் பெரும் அதிர்ச்சித் தொடரின் முதல் நடுக்கத்தில் கண்விழித்தார். கரைகள் மரங்களோடு சரிந்து ஆற்றில் விழ, படகோட்டிகள் அலறிக்கொண்டிருந்த இருளில், விடிவதற்குள் 27 அதிர்ச்சிகளை எண்ணினார். அவை எந்தத் திசையிலிருந்து வருகின்றன என்றும் கவனித்தார். கரையில் ஒதுங்கியபோது ஒருவர், அந்த ஆண்டு வானில் தெரிந்த வால்மீனின் இரண்டு கொம்புகளுக்கிடையே பூமி சிக்கிக்கொண்டு விடுபடத் திணறுவதே நடுக்கத்துக்குக் காரணம் என்று விளக்கியதையும் எழுதிவைத்தார். அதே நாட்களில் அந்த ஆறுகளில் முதல் நீராவிப் படகான ‘நியூ ஆர்லியன்ஸ்’ சென்றுகொண்டிருந்தது. இரவில் படகைக் கட்டியிருந்த தீவு விடிவதற்குள் மறைந்துபோனது போன்ற, எல்லா நூல்களிலும் இடம்பெறும் காட்சிகள் அந்தப் பயணத்திலிருந்தே வருகின்றன. ஆனால் அவற்றை எழுதியவர், படகில் சென்ற லிடியா ரூஸ்வெல்ட்டின் மாற்றாந்தாய் வழிச் சகோதரரான ஜான் லட்ரோப். எழுதிய ஆண்டு 1871. குடும்பத்தில் அறுபது ஆண்டுகள் சொல்லிச் சொல்லி மெருகேறிய கதையையும் இருளில் எண்ணிய 27 அதிர்ச்சிகளையும் ஒரே தராசில் நிறுப்பது பொருந்தாது.

கரையில் இருந்தவர்கள்

ஆற்றின் நடுவிலிருந்து எழுதியவர்களுக்குக் கரை மக்கள் பெரும்பாலும் கடந்துபோகும் காட்சியே. இதற்கு விலக்காக நிற்பவர் ஜெர்மானிய இளவரசர் மாக்ஸிமிலியன். 1833 ஏப்ரலில் ‘யெல்லோ ஸ்டோன்’ என்னும் நீராவிப் படகில் புறப்பட்டு, மேல் மிசூரியில் கீல்போட்டுக்கு மாறி மெக்கென்சி கோட்டை வரை சென்ற அவர், திரும்பும்போது கிளார்க் கோட்டையில் ஒரு குளிர்காலம் முழுவதும் தங்கி, அருகிலிருந்த மண்டான் ஊர்களின் மொழி, சடங்கு, வீடுகட்டும் முறை ஆகியவற்றை அவர்களிடமே கேட்டு எழுதினார். உடன் வந்த சுவிஸ் ஓவியர் கார்ல் போட்மர், மாட்டோ டோப்பே உள்ளிட்ட தலைவர்களை நேரில் அமர்த்தி வரைந்தார். ஐரோப்பாவுக்கு அனுப்பக் கொடுத்துவைத்த சேகரிப்பில் பெரும்பகுதி 1835இல் ‘அசினிபோயின்’ என்னும் நீராவிப் படகு எரிந்ததில் அழிந்தாலும், ஏடுகளும் ஓவியங்களும் தப்பின.

1837 கோடையில் ‘செயின்ட் பீட்டர்ஸ்’ என்னும் நீராவிப் படகு அதே வழியில் பெரியம்மையைக் கொண்டுவந்தது. மண்டான் மக்கள் ஏறத்தாழ முற்றிலும் மடிந்தனர். ஆயிரத்து அறுநூறுக்குக் குறையாதவர்களில் எஞ்சியவர்கள் நூற்றுச் சொச்சம் பேரே. ஜூலை 30 அன்று மாட்டோ டோப்பே இறந்தார். இந்தச் சாவுகளை நாள்தோறும் பதிந்தது பயணி ஒருவரின் ஏடு அல்ல; கிளார்க் கோட்டையின் பொறுப்பாளர் ஃபிரான்சிஸ் ஷார்டோனின் வணிகக் கணக்கேடு. எலிகளைக் கொன்ற எண்ணிக்கையையும் பருவநிலையையும் எழுதிவந்த அந்த ஏட்டில், இறந்தவர்களைக் கணக்கிட முடியாத நிலை வந்ததும் அதே வறண்ட நடையில் பதிவாகியுள்ளது. போட்மரின் ஓவியங்களோடு கூடிய மாக்ஸிமிலியனின் நூல் 1839 முதல் வெளிவரத் தொடங்கியபோது, அதில் விவரிக்கப்பட்ட ஊர்களில் விவரிக்க வேண்டிய வாழ்க்கை எஞ்சியிருக்கவில்லை.

இந்தப் பயண நூல்களில் பெரும்பாலானவற்றைத் தேடித் தொகுத்தவர் விஸ்கான்சின் மாநில வரலாற்றுக் கழகத்தின் செயலாளர் ரூபன் கோல்டு துவைட்ஸ். 1904 முதல் 1907 வரை 32 தொகுதிகளாக அவர் வெளியிட்ட வரிசையில் குரோகன், கமிங், பிராட்பரி, பிராக்கன்ரிட்ஜ், மாக்ஸிமிலியன் ஆகிய அனைவரும் உள்ளனர். கிளார்க்கின் வரிகளை உள்ளபடி அச்சிட்டவரும் அவரே. இந்த வரிசையைப் பதிப்பிக்கும் முன்பே, குடும்பத்தோடு ஒரு சிறு துடுப்புப் படகில் ஒஹாயோ முழுவதையும் கடந்து, தாம் படித்த ஏடுகளில் உள்ள வளைவுகளையும் தீவுகளையும் நேரில் சரிபார்த்துக்கொண்டதால், அவருடைய அடிக்குறிப்புகளில் புத்தக அறிவு மட்டுமின்றி ஆற்றின் போக்கை அறிந்த தெளிவும் உண்டு.

ஒற்றைக் கைத் தலைவரும் ஒளித்துவைத்த ஏடும்

துவைட்ஸின் வரிசை 1846உடன் நின்றுவிடுகிறது. அதற்குப் பின் வந்த ஒரு பயணமே ஓடத்து எழுத்துக்கும் மேசை எழுத்துக்கும் உள்ள இடைவெளியை மிகத் தெளிவாகக் காட்டுகிறது. உள்நாட்டுப் போரில் வலக்கையை இழந்த ஜான் வெஸ்லி பவெல், 1869 மே 24 அன்று பத்துப் பேராக நான்கு படகுகளில் வயோமிங்கின் கிரீன் ஆற்றிலிருந்து புறப்பட்டு, கொலராடோ ஆற்றின் பெரும் பள்ளத்தாக்கைக் கடந்து ஆகஸ்ட் 30 அன்று வர்ஜின் ஆற்றின் சங்கமத்தில் வெளிவந்தார். ஒரு படகு உடைந்து உணவில் ஒரு பகுதி போயிற்று; ஒருவர் ஜூலையிலேயே விலகினார்; மூவர் முடிவுக்கு இரண்டு நாட்கள் முன்பாக ஆகஸ்ட் 28 அன்று பிரிந்து, மேட்டுநிலத்தில் ஏறிச் சென்று கொல்லப்பட்டனர்.

பவெல் 1875இல் அரசு வெளியீடாகக் கொண்டுவந்த அறிக்கை, நாள்வாரியாக, நிகழ்காலத்தில், ஆற்றிலேயே எழுதியதுபோல் அமைந்திருக்கிறது. உண்மையில் அது 1871, 1872 ஆண்டுகளில் செய்த இரண்டாம் பயணத்தின் செய்திகளையும் முதல் பயணத்தோடு கலந்து, இரண்டாம் குழுவினரின் பெயரைச் சொல்லாமலே எழுதப்பட்டது. பாறைச் சரிவில் ஒற்றைக் கையால் தொங்கிய பவெலை, ஜார்ஜ் பிராட்லி தம் உள்ளாடையைக் கழற்றிக் கயிறாக நீட்டி மேலே இழுத்த புகழ்பெற்ற நிகழ்ச்சி அறிக்கையில் ஜூன் 18 அன்று எக்கோ பார்க்கில் நடக்கிறது. பிராட்லியின் ஏட்டிலோ ஜூலை 8 அன்று, வெகுதொலைவு கீழே நடக்கிறது. கதையின் ஓட்டத்துக்கு அது முந்திய இடத்தில் அழகாகப் பொருந்துகிறது என்பது உண்மையே.

பிராட்லியும் ஜான் சம்னரும் ஆற்றில் எழுதிய நாளேடுகள் 1947இல்தான் அச்சாயின. அதற்கு முன்பே, சம்னரும் சமையல்காரராக இருந்த ஹாக்கின்ஸும் முதுமையில் எழுதிக் கொடுத்த நினைவுக் குறிப்புகள் வெளிவந்து, பவெலுக்கும் பிரிந்துபோனவர்களில் ஒருவரான வில்லியம் டன்னுக்கும் கடுமையான பகை இருந்தது, அதுவே பிரிவுக்கு உண்மையான காரணம் என்ற வாதத்தைக் கிளப்பியிருந்தன. தலைவரின் மேசை எழுத்துக்கு எதிராகப் படகோட்டிகள் சொன்னது என்பதால் பலர் அதை உடனே ஏற்றனர். ஆனால் அந்த நினைவுக் குறிப்புகளும் மேசையில், நாற்பது ஆண்டுகளுக்குச் சற்றுக் குறைந்த காலம் கடந்து எழுதப்பட்டவையே. பிராட்லி நாளேடு வைத்திருந்தது உடன் சென்ற எவருக்கும் தெரியாது. உணவு கெட்டுப்போவதைப் பொருட்படுத்தாமல் பவெல் பாறைகளை ஆராய்ந்துகொண்டிருப்பதாக அதில் அவர் பலமுறை முணுமுணுக்கிறார். மறைக்க வேண்டிய தேவையோ தலைவர்மீது தயவோ இல்லாத அந்த ஏட்டில், டன்னோடு சண்டை நடந்ததாக ஒரு வரியும் இல்லை. அன்று எதிரே இருந்த பாய்ச்சல் நீர் அதுவரை கண்டவற்றுள் மிகக் கொடியது என்றும், மூவர் அதில் இறங்க மறுத்தனர் என்றுமே இருக்கிறது.